ஆட்டம் முடிந்தது... பதிவு எங்கே?

கேம் காட்சிகளைப் பத்திரப்படுத்தும் வழிகள்

வீட்டுக்குப் புதிதாகக் கம்ப்யூட்டர் வந்தால் முதல் சில மாதங்கள் அதில் அதிகம் நடப்பது கேம்ஸ்தான். உங்கள் மகனோ மகளோ இன்டர்நெட் வழியாக, முகம் தெரியாத ஒருவரை எதிர்த்து 40 நிமிடம் போராடி ஜெயிக்கிறார். "அப்பா, சீக்கிரம் வாங்க, எப்படி ஜெயிச்சேன்னு பாருங்க" என்று குரல் கொடுக்கிறார். நீங்கள் எழுந்து வருவதற்குள் திரையில் வெறும் ஸ்கோர் பட்டியல் மட்டும்தான் இருக்கிறது. ஜெயித்த ஆட்டம் போனது போனதுதான்.

விவரம் தெரிந்த சிலர், ஆட்டம் முடிந்ததும் 'சேவ் ரீப்ளே' என்ற பட்டனை அழுத்திச் சேமித்து வைப்பார்கள். அவர்களுக்கும் ஓர் ஏமாற்றம் காத்திருக்கிறது. ஆறு மாதம் கழித்து ஆசையோடு அந்த பைலைத் திறந்தால், "இது வேறு வெர்ஷனில் பதிவானது, இயக்க முடியாது" என்ற செய்திதான் கிடைக்கும். பைல் இருக்கிறது, ஆனால் ஆட்டம் இல்லை. இது ஏன் நடக்கிறது, இதைத் தவிர்ப்பது எப்படி என்று பார்ப்போம்.

ரீப்ளே வேறு, வீடியோ வேறு

புதியவர்கள் முதலில் புரிந்து கொள்ள வேண்டியது இதைத்தான். ரீப்ளே பைல் என்பது வீடியோ அல்ல.

செஸ் போட்டிகளைப் பார்த்திருப்பீர்கள். ஆட்டக்காரர்கள் ஒவ்வொரு நகர்த்தலையும் ஒரு தாளில் எழுதிக்கொண்டே வருவார்கள். ஐந்து மணி நேர ஆட்டம் அந்த ஒரு தாளில் அடங்கிவிடும். பிறகு யார் வேண்டுமானாலும் அந்தத் தாளை வைத்துக்கொண்டு, பலகையில் காய்களை அடுக்கி, அதே ஆட்டத்தை மறுபடி ஆடிப் பார்க்கலாம். ஆனால் பலகையும் காய்களும் வேண்டும். விதிகளும் மாறாமல் இருக்க வேண்டும். குதிரை நகரும் முறையை நாளைக்கே மாற்றிவிட்டால் அந்தத் தாளில் எழுதியது எதற்கும் உதவாது.

ரீப்ளே பைல் அந்தத் தாளைப் போன்றது. எந்த நொடியில் எந்த பட்டனை அழுத்தினீர்கள், எந்தப் படையை எங்கே அனுப்பினீர்கள் என்ற குறிப்பு மட்டுமே அதில் இருக்கும். ரீப்ளேயைத் திறக்கும்போது கேம் அந்தக் குறிப்புகளைப் படித்து, ஆட்டத்தை முதலிலிருந்து மறுபடி ஆடிக் காட்டுகிறது. வீடியோ அப்படி அல்ல. திரையில் தெரிந்ததை அப்படியே படம் பிடித்தது. அதைப் பார்க்க கேம் தேவை இல்லை. ஒரு வீடியோ பிளேயர் போதும்.

டூம் கேமில் ஒரு கணக்கு

1993 டிசம்பரில் வெளியான டூம் கேமை எடுத்துக்கொள்வோம். அந்தக் காலத்திலேயே ஆட்டத்தைப் பதிவு செய்யும் வசதி அதில் இருந்தது. ஒரு நொடியை 35 பகுதிகளாகப் பிரித்து, ஒவ்வொரு பகுதிக்கும் 4 பைட் எழுதி வைக்கும். முன்னால் போனீர்களா, பக்கவாட்டில் போனீர்களா, எவ்வளவு திரும்பினீர்கள், சுட்டீர்களா என்பதற்கு ஒவ்வொரு பைட்.

அதாவது நொடிக்கு 140 பைட். நிமிடத்துக்கு 8,400 பைட். பழைய 1.44 எம்பி பிளாப்பி ஒன்றில் ஒருவர் ஆடிய ஆட்டம் ஏறத்தாழ மூன்று மணி நேரம் அடங்கும்.

"கேமில் பூதங்கள் நினைத்தபடி ஓடுமே, அதெல்லாம் எப்படி அதேபோல் மறுபடி நடக்கும்?" என்று கேட்கலாம். டூம் கேமுக்குள் 256 எண்கள் கொண்ட ஒரு பட்டியல் நிரந்தரமாக இருக்கிறது. சீட்டுக் குலுக்கிப் போடுவது போல் தோன்றும் எல்லாவற்றையும் அந்தப் பட்டியலில் இருந்து வரிசையாகத்தான் எடுக்கிறது. ஆகவே அதே பட்டன்களை அதே நேரத்தில் அழுத்தினால் அதே பூதம் அதே இடத்தில்தான் வந்து நிற்கும்.

இப்போது வீடியோ கணக்கைப் பாருங்கள். 1920 x 1080 புள்ளிகள் உள்ள திரை. ஒரு புள்ளிக்கு 3 பைட். நொடிக்கு 60 படங்கள். சுருக்காமல் அப்படியே சேமித்தால் நொடிக்கு சுமார் 373 எம்பி, நிமிடத்துக்கு 22 ஜிபிக்கு மேல் போய்விடும். நன்றாகச் சுருக்கி, நொடிக்கு 10 மெகாபிட் அளவில் சேமித்தாலும் நிமிடத்துக்கு 75 எம்பி. டூம் பதிவைப் போல் சுமார் 9 ஆயிரம் மடங்கு! கேம் கம்பெனிகள் வீடியோவுக்குப் பதில் ரீப்ளே தருவதற்குக் காரணம் இதுதான்.

ரீப்ளே ஏன் கெட்டுப் போகிறது?

கேமுக்கு அப்டேட் வரும்போது சில விதிகள் மாறும். ஒரு வீரனின் பலம் 50 ஆக இருந்தது 45 ஆகும். ஒரு கட்டடம் கட்ட ஆகும் நேரம் இரண்டு நொடி கூடும். பழைய குறிப்பைப் புதிய விதியில் ஆடிப் பார்த்தால், அன்று ஜெயித்த சண்டையில் இன்று தோற்பீர்கள். அதற்குப் பிறகு வரும் கட்டளைகள் எதுவும் பொருந்தாது. டூம் கேமில் வெர்ஷன் மாறிய பதிவை ஓடவிட்டால், ஆட்டக்காரர் சுவரில் முட்டிக்கொண்டு நின்று வெறும் காற்றைச் சுடுவதைப் பார்க்கலாம். இந்தக் குழப்பத்தைத் தவிர்க்கத்தான் பல கேம்கள் பழைய ரீப்ளேயைத் திறக்கவே மறுக்கின்றன.

1998-ல் வந்த ஸ்டார்கிராப்ட் கேமுக்கு 2001-ல் வந்த 1.08 பேட்ச் மூலம்தான் ரீப்ளே வசதி கிடைத்தது. 2002-ல் வந்த வார்கிராப்ட் 3 கேமிலும் இந்த வசதி உண்டு. பேட்ச் மாறிய பிறகு பழைய ரீப்ளே திறக்காமல் போவது இவற்றை ஆடியவர்களுக்குப் பழகிப்போன தொல்லை. லீக் ஆஃப் லெஜெண்ட்ஸ் கேமில் ஏறத்தாழ இரண்டு வாரத்துக்கு ஒரு பேட்ச் வருகிறது. பேட்ச் மாறிவிட்டால் அதற்கு முந்தைய ரீப்ளே ஓடாது. அங்கே ஒரு ரீப்ளேயின் ஆயுள் அவ்வளவுதான்.

ரீப்ளேயைக் கம்பெனியின் சர்வரிலேயே விட்டு வைப்பதும் பாதுகாப்பு இல்லை. 2007-ல் எக்ஸ்பாக்ஸ் 360-க்கு வந்த ஹேலோ 3 கேமில் 'தியேட்டர்' என்ற அருமையான வசதி இருந்தது. முடிந்த ஆட்டத்தை எந்தக் கோணத்தில் வேண்டுமானாலும் திருப்பிப் பார்க்கலாம், படம் எடுக்கலாம், இன்டர்நெட் வழியே நண்பர்களுக்குத் தரலாம். அந்த ஆட்டங்களின் விவரங்களையும் படங்களையும் வைத்திருந்த பங்கி நிறுவனத்தின் ஹேலோ இணையதளம் 2021 பிப்ரவரியில் மூடப்பட்டது. எக்ஸ்பாக்ஸ் 360 ஹேலோ கேம்களின் சர்வர்கள் 2022 ஜனவரியில் நிறுத்தப்பட்டன. முன்பே தங்கள் கம்ப்யூட்டரில் வீடியோவாக எடுத்து வைத்தவர்களிடம்தான் அந்த ஆட்டங்கள் இன்றும் இருக்கின்றன.

ஆகவே விதி எளிது. ஆட்டம் முடிந்தவுடன் ரீப்ளேயைச் சேமியுங்கள். பிடித்த ஆட்டம் என்றால், அடுத்த அப்டேட் வருவதற்கு முன் அதை வீடியோ ஆக்கிவிடுங்கள்.

ஆட்டம் முடிந்தவுடன் முதல் வேலை

ஸ்கோர் திரையை மூடுவதற்கு முன் 'சேவ் ரீப்ளே' என்ற பட்டன் இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் அழுத்தி, ஒரு நல்ல பெயர் கொடுங்கள். "1", "புதுசு", "சூப்பர்" என்றெல்லாம் பெயர் வைத்தால் ஒரு மாதத்தில் எது எந்த ஆட்டம் என்றே தெரியாது. தேதி, எதிரே ஆடியவர், முடிவு மூன்றும் பெயரில் இருக்கட்டும்.

சேமிக்காமல் திரையை மூடிவிட்டீர்களா? பதற வேண்டாம். ஸ்டார்கிராப்ட், வார்கிராப்ட் 3 போன்ற கேம்கள் கடைசியாக ஆடிய ஆட்டத்தை 'லாஸ்ட் ரீப்ளே' என்ற பெயரில் தாமாகவே எழுதி வைக்கும். ஆனால் அடுத்த ஆட்டம் முடிந்ததும் அதே பெயரில் புதியது எழுதப்படும், பழையது அழிந்துவிடும். எனவே அடுத்த ஆட்டத்துக்கு முன் அந்த பைலைக் காப்பி செய்து வேறு பெயர் கொடுத்து விடுங்கள்.

கவுன்டர் ஸ்ட்ரைக் 2 போன்ற கேம்களில், இன்டர்நெட்டில் ஆடிய போட்டிகளின் பதிவு கம்பெனியின் சர்வரில் குறிப்பிட்ட காலம் மட்டும் இருக்கும். கேமின் 'வாட்ச்' பகுதியில் உங்கள் ஆட்டங்களின் பட்டியல் இருக்கும். வேண்டியதைக் கையோடு டவுன்லோடு செய்து கொள்ளுங்கள்.

ரீப்ளேயை வீடியோ ஆக்குவது எப்படி?

இதற்குத் தனி சாப்ட்வேர் தேட வேண்டாம். 2015-ல் வந்த விண்டோஸ் 10 முதல் விண்டோஸிலேயே 'கேம் பார்' என்ற வசதி இருக்கிறது. விண்டோஸ் 11-லும் உண்டு.

1. முதலில் கேமைத் திறந்து, ரீப்ளேயை ஓடவிட்டு, தொடக்கத்திலேயே நிறுத்தி வையுங்கள். கேம் பார் வெறும் டெஸ்க்டாப்பையோ பைல்கள் இருக்கும் விண்டோவையோ பதிவு செய்யாது. ஆகவே கேம் திரையில் இருப்பது அவசியம்.

2. விண்டோஸ் கீயை அழுத்திக்கொண்டு ஜி கீயைத் தட்டுங்கள். கேம் பார் தோன்றும். பதிவு செய்யும் வசதி வருகிறதா என்று ஒருமுறை பார்த்துக்கொண்டு அதை மூடிவிடுங்கள்.

3. விண்டோஸ், ஆல்ட், ஆர் மூன்று கீகளையும் சேர்த்து அழுத்துங்கள். திரையின் மூலையில் சிறு கட்டத்தில் நேரம் ஓடத் தொடங்கும். பதிவு ஆரம்பித்துவிட்டது என்று பொருள்.

4. ரீப்ளேயை இயல்பான வேகத்தில் ஓடவிடுங்கள். வேகத்தைக் கூட்டி வைத்தால் வீடியோவும் அதே வேகத்தில்தான் இருக்கும்.

5. முடிந்ததும் அதே மூன்று கீகளை மறுபடி அழுத்துங்கள். பதிவு நிற்கும். 'வீடியோஸ்' போல்டருக்குள் 'கேப்சர்ஸ்' என்ற போல்டரில் எம்பி4 பைலாக அது இருக்கும்.

இந்த முறையில் இரண்டு லாபம் உண்டு. ஒன்று, ஆடும்போது கம்ப்யூட்டருக்குக் கூடுதல் சுமை இல்லை. வேகம் குறைந்த கம்ப்யூட்டரில் ஆட்டத்தையும் பதிவையும் ஒரே நேரத்தில் நடத்தினால் படம் விட்டு விட்டு ஓடும். இன்டர்நெட் போட்டியில் அதனாலேயே தோற்கலாம். இரண்டாவது, ஆடும்போது நீங்கள் பார்க்காததையும் ரீப்ளேயில் பார்க்கலாம். எதிரி தன் பக்கத்தில் என்ன செய்துகொண்டிருந்தார், எங்கே ஏமாந்தார் என்பதெல்லாம் வீடியோவில் வரும்படி செய்யலாம்.

"இந்தக் கம்ப்யூட்டரில் பதிவு செய்ய முடியாது" என்று கேம் பார் சொன்னால், வீடியோவைச் சுருக்கும் பகுதி உங்கள் கிராபிக்ஸ் சிப்பில் இல்லை அல்லது அதன் டிரைவர் சரியில்லை என்று பொருள். இன்டெல் பிராசஸர்களில் 2011 முதலே இந்தப் பகுதி வரத் தொடங்கியது. எனவே டிரைவரைப் புதுப்பித்துவிட்டு இன்னொரு முறை முயன்று பாருங்கள்.

ரீப்ளே இல்லாத கேம்களுக்கு

கார் பந்தயம், கால்பந்து, சாகச கேம்கள் பலவற்றில் முழு ஆட்டத்தின் ரீப்ளே கிடைக்காது. அங்கே ஆடும்போதே பதிவு செய்ய வேண்டும். ஆனால் அருமையான கோல் எப்போது விழும் என்று யாருக்குத் தெரியும்? இதற்கும் வழி இருக்கிறது.

விண்டோஸ் 'செட்டிங்ஸ்' திறந்து, 'கேமிங்', அதில் 'கேப்சர்ஸ்' பகுதிக்குச் செல்லுங்கள். 'ரெக்கார்ட் வாட் ஹேப்பன்ட்' என்பதை ஆன் செய்யுங்கள். இனி ஆட்டம் நடக்கும்போதெல்லாம் கடைசி 30 நொடிக் காட்சியைக் கம்ப்யூட்டர் கையில் வைத்துக்கொண்டே இருக்கும். கோல் விழுந்த பிறகு விண்டோஸ், ஆல்ட், ஜி மூன்றையும் அழுத்தினால் போதும். முடிந்துபோன அந்த 30 நொடி பைலாகிவிடும். 30 நொடி போதாது என்றால் அங்கேயே கூட்டிக்கொள்ளலாம். கம்ப்யூட்டர் மெதுவானது என்றாலோ, லேப்டாப் பேட்டரியில் ஓடுகிறது என்றாலோ இதை ஆஃப் செய்து வைப்பது நல்லது.

என்விடியா கிராபிக்ஸ் கார்டு உள்ளவர்களுக்கு அந்த நிறுவனம் 2013-ல் அறிமுகம் செய்த ஷேடோபிளே வசதி உண்டு. அதில் ஆல்ட், எப்9 பதிவைத் தொடங்கும், நிறுத்தும். 'இன்ஸ்டன்ட் ரீப்ளே' ஆன் செய்திருந்தால் ஆல்ட், எப்10 முடிந்துபோன காட்சியைச் சேமிக்கும். ஸ்டீம் மூலம் கேம் வாங்கி ஆடுபவர்களுக்கு 2024 நவம்பர் முதல் ஸ்டீமிலேயே பின்னணிப் பதிவு வசதி வந்திருக்கிறது. ஆட்டம் முடிந்த பிறகு வேண்டிய பகுதியை மட்டும் வெட்டி எம்பி4 ஆக எடுத்துக்கொள்ளலாம்.

பழைய புத்தகங்களில் பிராப்ஸ் என்ற சாப்ட்வேரைப் பரிந்துரைத்திருப்பார்கள். ஒரு காலத்தில் கேம் பதிவு என்றாலே அதுதான். இலவச வெர்ஷனில் 30 நொடி மட்டுமே பதிவாகும். 2013-க்குப் பிறகு அதற்குப் புதிய வெர்ஷன் வரவில்லை. இப்போது அதைத் தேடிப் போக வேண்டிய அவசியம் இல்லை.

கரன்ட் போனால் என்ன ஆகும்?

ஒரு மணி நேரம் பதிவு செய்துகொண்டிருக்கிறீர்கள். திடீரென்று கரன்ட் போகிறது. யுபிஎஸ் இல்லை. எம்பி4 பைலில், எந்தக் காட்சி எங்கே இருக்கிறது என்ற அட்டவணையை வழக்கமாகக் கடைசியில்தான் எழுதுவார்கள். அது எழுதப்படாமல் பாதியில் நின்றால், அதுவரை பதிவானதும் திறக்காது.

நீண்ட நேரம் பதிவு செய்பவர்களுக்கு ஓபிஎஸ் ஸ்டுடியோ என்ற இலவச சாப்ட்வேர் ஏற்றது. அதன் செட்டிங்ஸில் 'அவுட்புட்' பகுதியில் பைல் வகையை எம்கேவி என்று தேர்ந்தெடுங்கள். இதில் பாதியில் நின்றாலும் அதுவரை பதிவானது தப்பிக்கும். முடிந்த பிறகு 'பைல்' மெனுவில் 'ரீமக்ஸ் ரெக்கார்டிங்ஸ்' மூலம் எம்பி4 ஆக மாற்றிக்கொள்ளலாம். தரம் குறையாது, நேரமும் அதிகம் ஆகாது. ஓபிஎஸ்ஸில் முதலில் 'சோர்சஸ்' பெட்டியில் 'கேம் கேப்சர்' சேர்க்க வேண்டும். படம் கறுப்பாகத் தெரிந்தால் அதற்குப் பதில் 'டிஸ்பிளே கேப்சர்' சேர்த்துப் பாருங்கள்.

மைக்கைக் கவனியுங்கள்

பதிவு ஓடும்போது மைக் ஆன் ஆகியிருந்தால் கேம் சத்தத்தோடு வீட்டில் பேசுவதெல்லாம் சேர்ந்து பதிவாகும். பேங்க் விஷயமோ, போன் நம்பரோ, குடும்பச் சண்டையோ அதில் இருக்கலாம். வீடியோவை நண்பர்களுக்கு அனுப்பும் முன் ஒருமுறை முழுதாகக் கேட்டுப் பாருங்கள். கேம் பாரில் மைக்கை நிறுத்தவும் தொடங்கவும் விண்டோஸ், ஆல்ட், எம் கீகள் உதவும்.

எங்கே வைப்பது?

நொடிக்கு 10 மெகாபிட் என்றால் ஒரு மணி நேர வீடியோ 4.5 ஜிபி வரும். இதை பென் டிரைவில் போடும்போது, இடம் 20 ஜிபி காலியாக இருந்தும் "பைல் மிகப் பெரியது" என்று கம்ப்யூட்டர் மறுக்கலாம். பென் டிரைவ் பழுது இல்லை. அது பேட்32 என்ற முறையில் பார்மட் ஆகியிருக்கிறது. அந்த முறையில் ஒரு பைல் 4 ஜிபியைத் தாண்டக் கூடாது. பென் டிரைவில் உள்ளவற்றை வேறு இடத்துக்குக் காப்பி செய்துவிட்டு, அதை எக்ஸ்பேட் முறையில் பார்மட் செய்தால் சரியாகிவிடும். பார்மட் செய்தால் உள்ளே இருப்பது எல்லாம் அழியும் என்பதை மறக்க வேண்டாம்.

பதிவுகள் சி டிரைவிலேயே சேர்ந்துகொண்டே போனால் விண்டோஸ் மெதுவாகும். வாரம் ஒருமுறை கேப்சர்ஸ் போல்டரைத் திறந்து, வேண்டாததை அழித்து, வேண்டியதை வேறு டிரைவுக்கு மாற்றுங்கள். மிகவும் பிடித்தவற்றுக்கு எக்ஸ்டர்னல் ஹார்ட் டிஸ்க்கில் இரண்டாவது காப்பி இருக்கட்டும். ரீப்ளே பைலையும் தூக்கிப் போடாதீர்கள். அது சிறிய பைல்தானே, வீடியோவோடு அதே போல்டரில் வையுங்கள்.

அதற்கும் காரணம் இருக்கிறது. டூம் கேமின் சோர்ஸ் கோடை 1997 டிசம்பரில் வெளியிட்டார்கள். அதை வைத்து ஆர்வலர்கள் உருவாக்கிய சாக்லேட் டூம் போன்ற புரோகிராம்கள், பழைய கேமைப் போலவே நடந்துகொண்டு அந்தக் காலத்துப் பதிவுகளை இன்றும் ஓட்டிக் காட்டுகின்றன. உங்கள் கேமுக்கும் நாளை அப்படி ஒரு யோகம் வரலாம். ஆனால் அதை நம்பி உட்கார்ந்திருக்க முடியாது. இந்த வாரம் ஜெயித்த ஆட்டத்தை இந்த வாரமே வீடியோ ஆக்கிவிடுங்கள்.

மறக்கக் கூடாத கீகள்

விண்டோஸ் + ஜி: கேம் பார் திறக்க
விண்டோஸ் + ஆல்ட் + ஆர்: பதிவு தொடங்க, நிறுத்த
விண்டோஸ் + ஆல்ட் + ஜி: முடிந்துபோன நொடிகளைச் சேமிக்க
விண்டோஸ் + ஆல்ட் + எம்: மைக் ஆன், ஆஃப்
விண்டோஸ் + ஆல்ட் + பிரின்ட் ஸ்கிரீன்: ஸ்கோர் பட்டியலைப் படமாக எடுக்க